மலையில்லாத ஊரிலிருந்து சிகரத்தை வாசித்தல்

1

விருத்தாசலம் என்ற பெயரைப் பிரித்தால் பழைய மலை என்று பொருள். தேவாரத்தில் இந்த ஊர் முதுகுன்றம். கோயிலில் இருக்கும் சாமி பழமலைநாதர். சிவன் மலையாக முதலில் தோன்றியது இங்கேதான், மற்ற மலைகளெல்லாம் அப்புறம் வந்தவை என்று தலபுராணம் சொல்கிறது. இந்தப் பக்கத்துச் சனங்கள் பிள்ளைகளுக்குப் பழமலை என்று பெயர் வைக்கிறார்கள். 1988-இல் 'சனங்களின் கதை' தந்த கவிஞரின் பெயரும் பழமலய்தான். எல்லாம் சரி, மலை எங்கே? விருத்தாசலத்தில் பஸ் ஏறி உளுந்தூர்பேட்டைச் சாலையில் மங்கலம்பேட்டை வரைக்கும் வந்து பாருங்கள். செம்மண், முந்திரி, கரும்பு, ஏரிக்கரை, கொல்லைமேடு. மேடு உண்டு, மலை கிடையாது.

பொருள் காணாமல்போய்ப் பெயர் மட்டும் தங்கிவிட்ட இப்படியான ஓர் இடத்திலிருந்து, சிகரங்களைப் பற்றி எழுதப்படும் பிரதிகளை வாசித்துப் பார்க்கலாம் என்பதே இக்கட்டுரையின் முயற்சி. சிகரம் என்றதும் நம் எழுத்தாளர்களுக்குக் கைக்கு வரும் சொற்கள் ஏறக்குறைய ஒன்றுதான். எட்டாத உயரம், மனித வாடை படாத தனிமை, ஆதி மௌனம். பயணக் கட்டுரையிலும் இதுதான், சுற்றுலாத் துறைத் துண்டறிக்கையிலும் இதுதான். சூழலியல் பேசும் நண்பர்களின் பிரசுரங்களிலும், கொஞ்சம் சோகம் கூட்டி, இதேதான். இந்தச் சொற்களைப் பார்த்துக் கேட்கவேண்டிய கேள்வி ரொம்ப எளிது. யாருக்கு எட்டாதது? எந்த மனிதனின் வாடை?

இதற்கு ஒரு குறிப்பான சிகரத்தை எடுத்துக்கொள்கிறேன். நீலகிரியின் மேற்கு விளிம்பில் நிற்கும் முக்கூர்த்தி. உயரம் 2,554 மீட்டர். தொட்டபெட்டாவைவிடக் குறைவுதான். ஆனால் தொட்டபெட்டாவுக்குக் காரில் போய்க் கடலை கொறித்துவிட்டுத் திரும்பலாம். முக்கூர்த்திக்கு அப்படிப் போகமுடியாது. சுற்றிலும் புல்மலைகள். மலை மடிப்புகளில் மட்டும், தண்ணீர் கசியும் இடத்தில், குட்டையான மரங்கள் நெருங்கிய சோலை. புல்வெளி நடுவே ஒண்டியாக நின்று சிவப்பாய்ப் பூக்கும் காட்டுப்பூவரசு. மார்கழி, தை விடியலில் புல்லின்மேல் உறைபனி. மேற்கே கேரளத்துப் பக்கம் திடீரென இறங்கும் பாறைச் சரிவு. அந்தச் சரிவில் கால் பாவி நிற்கும் வரையாடு. தமிழ்நாட்டில் 'தொலைதூரச் சிகரம்' என்ற பெயருக்கு இதைவிடப் பொருத்தமான இடம் கிடைப்பது கஷ்டம். அதனாலேயே இது நல்ல சோதனைக் களம்.

2

முதலில் உயரம் என்ற சங்கதி. ஒரு மலை இத்தனை அடி என்று நாம் சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போகிறோம். அந்த எண் எங்கே செய்யப்பட்டது? 1802-இல் வில்லியம் லாம்டன் சென்னைப் பரங்கிமலையருகே தரையில் சங்கிலி போட்டு ஓர் அடிக்கோட்டை அளந்தார். பின்னாளில் மாபெரும் முக்கோண அளவை என்று பெயர் பெற்ற வேலை அங்கிருந்துதான் கிளம்பியது. ஒரு கோடு, இரண்டு கோணம், மூன்றாவது புள்ளி. அதிலிருந்து அடுத்த முக்கோணம். இதற்கு உயரமான இடங்கள் வேண்டும். காவிரிச் சமவெளியில் மலைக்கு எங்கே போவது? கோயில்கள்மேல் ஏறினார்கள். 1808-இல் தஞ்சைப் பெரிய கோயிலில் அரை டன் எடையுள்ள கோணமானியைக் கயிறு கட்டி மேலே இழுக்கும்போது அது சுவரில் மோதிச் சேதமானது. மலையில்லாத நிலம் தன் கோயிலைக் கொடுத்துத்தான் மலைகளின் கணக்குக்குள் போயிற்று.

அந்தக் கணக்குதான் வடக்கே போய் இமயத்தைத் தொட்டது. நேபாளத்துக்குள் நுழைய அனுமதியில்லாத நிலையில், பீகார்ச் சமவெளியில் நூறு மைலுக்கும் அப்பால் நின்று பதினைந்தாம் எண் சிகரத்தைக் குறிபார்த்தார்கள். அதுவே ஆக உயரமானது என்ற முடிவு 1852-இல் வங்காளத்து ராதாநாத் சிக்தாரின் கணக்கில் கிடைத்ததாகச் சொல்லப்படுகிறது. 1856-இல் ஆண்ட்ரூ வா அதை வெளியிட்டார். தன் முன்னவர் ஜார்ஜ் எவரெஸ்டின் பெயரை அதற்கு முன்மொழிந்தார். இந்தப் பெயரை இந்திக்காரர்களால் எழுதவும் உச்சரிக்கவும் முடியாதே என்று அந்த எவரெஸ்டே ஆட்சேபித்தார். கேட்பாரில்லை. 1865-இல் லண்டன் ராயல் புவியியல் சங்கம் பெயரை உறுதிசெய்தது. திபெத்தியர் சோமோலுங்மா என்று சொல்லிக்கொண்டிருந்தது அந்தப் பேச்சில் செல்லுபடியாகவில்லை.

இந்தக் கதையில் சிகரத்தை முதலில் எட்டியது எந்த மலையேறியும் இல்லை. சமவெளியில் உட்கார்ந்து போட்ட கணக்குதான் எட்டியது. கருவிப் பெட்டிகளைத் தலையில் சுமந்த கலாசிகள், காய்ச்சலில் செத்தவர்கள், மூங்கில் மேடை கட்டியவர்கள் எல்லோரும் அந்த எண்ணுக்குள் அடக்கம். ஆனால் எண்ணில் அவர்கள் தெரிவதில்லை. சிகரம் தனியாக நிற்கிறது என்று எழுதும்போது, அதை நிற்கவைத்த உழைப்பை முதலில் அழித்துவிட்டுத்தான் எழுதுகிறோம். அறிவு உற்பத்தியும் அதிகாரமும் பற்றித் தத்துவப் புத்தகங்களை மேற்கோள் காட்ட வேண்டியதில்லை. பரங்கிமலையருகே போட்ட சங்கிலியே போதும்.

3

முக்கூர்த்திக்கு வருவோம். வெள்ளைக்காரன் நீலகிரி மேட்டைப் பார்த்தபோது அவனுக்குத் தன் ஊரின் புல்மேடுகள் ஞாபகம் வந்தன. ஒரு பெரிய புல்வெளிப் பரப்புக்கு ஓர் ஆளுநரின் பெயரால் வென்லாக் டவுன்ஸ் என்றே பெயர் வைத்தான். இன்னொரு பக்கம், வரி வாங்கும் கண்ணுக்கு மரமில்லாத நிலம் வீண் நிலம். ஒரே புல் ஒருவனுக்கு ஊர் ஏக்கம், இன்னொருவனுக்குத் தரிசு. இரண்டு வாசிப்புக்கும் பொதுவான ஒன்று உண்டு. அங்கே எருமை மேய்த்துக்கொண்டிருந்த தோடர்கள் இரண்டிலும் நில உரிமையாளராக இல்லை. அதிகம் போனால் காட்சியின் ஒரு பகுதி.

இந்தப் புல் காடு அழிந்து வந்த மிச்சம் என்று ரொம்ப நாள் நம்பப்பட்டது. அப்படி நம்பினால், மரம் நடுவது புண்ணியம் ஆகிவிடுகிறது. 1993-இல் சுகுமார் முதலானோர் நீலகிரிச் சதுப்புகளின் மட்கிய மண்ணை ஆராய்ந்து வெளியிட்ட முடிவு வேறு கதை சொல்லியது. அந்த மண்ணில் ஏறக்குறைய 20,000 ஆண்டுகளின் தாவர வரலாறு இருக்கிறது. பருவநிலை மாற மாற, புல்லும் சோலையும் ஒன்றுக்கொன்று இடம் விட்டும் இடம் பிடித்தும் வந்திருக்கின்றன. கோடாரி வருவதற்கு முன்பே புல் இருந்திருக்கிறது.

ஆனால் அதற்குள் நட்டாகிவிட்டது. ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த சீகை மரமும் கற்பூர மரமும். தொடங்கியது வெள்ளையர் ஆட்சி. பெருவாரியாகப் பரப்பியது விடுதலைக்குப் பிறகு வந்த நம் வனத்துறை. சீகைப் பட்டை தோல் பதனிட. கற்பூர மரம் செயற்கைப் பட்டு இழைக்கான கூழுக்கு. ஆக, யாருக்கும் எட்டாத அந்தப் புல்மலைகள் தோல் ஷாப்புக்கும் ஆலைக்கும் நன்றாகவே எட்டியிருக்கின்றன. முக்கூர்த்திப் பக்கம் பிறக்கும் பைக்காரா ஆற்றில் 1932-இல் மின்சாரம் எடுத்தார்கள். 1938-இல் சிகரத்தருகே முக்கூர்த்தி அணை எழுந்தது. கோயம்புத்தூர் மில்களின் கதிர்கள் சுற்றியது இந்தத் தண்ணீரில்தான். ராத்திரி ஷிப்ட்டில் நூல் இழுத்த பெண்ணுக்கு அந்தச் சிகரத்தின் பெயர் தெரியாது. சிகரத்தின் மழை அவள் மிஷினில் ஓடிக்கொண்டிருந்தது.

அப்புறம் பாதுகாப்பின் காலம். 1982-இல் சரணாலயம். 1990-இல் தேசியப் பூங்கா. பரப்பு சுமார் 78 சதுர கிலோமீட்டர். 2012-இல் மேற்குத் தொடர்ச்சி மலையோடு சேர்ந்து உலகப் பாரம்பரியப் பட்டியலிலும் வந்துவிட்டது. 1972 வனவுயிர்ச் சட்டப்படி தேசியப் பூங்காவுக்குள் கால்நடை மேயக்கூடாது. சட்டத்தின் மொழியில் தோடரின் எருமையும் 'கால்நடை'தான். அந்த எருமையின் பால் அவர்களுக்குப் பூசைப் பொருள், பால்மனை அவர்களுக்குக் கோயில், இறந்தவர்களின் உலகம் அவர்களுக்கு மேற்கே. முக்கூர்த்தி அந்த வழியோடு சேர்த்துப் பேசப்படும் மலை. ஒரு சமூகத்தின் சாவுக்கும் மறுமைக்கும் வழிகாட்டி நிற்கும் மலையை 'மனித வாடை படாதது' என்று எழுதும் பேனாவை என்னவென்று சொல்ல?

இங்கே ஒரு கேள்வி வரும். வரவும் வேண்டும். எல்லாமே சொல்லாடல் என்றால் வரையாடும் சொல்லாடலா? பூங்கா இல்லாமல்போயிருந்தால் அது மிஞ்சியிருக்குமா? நியாயமான கேள்வி. வேட்டையும் தோட்டப் பயிரும் அதைச் சில மலைத் தீவுகளில் ஒதுக்கிவிட்டன. 2024 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டில் 1,031, 2025-இல் 1,303 என்று எண்ணியிருக்கிறார்கள். ஒரு மாநிலத்தின் விலங்கு மொத்தமே ஆயிரத்துச் சொச்சம். இதை வெறும் பிரதி என்று சொல்லித் தப்பித்துக்கொள்ளும் கோட்பாடு எதுவானாலும் அதனால் நமக்குப் பிரயோசனமில்லை. வரையாட்டுக்குப் புல் வேண்டும். புல்லைத் தின்றது எருமையா, சீகையா என்பதுதான் கேட்கவேண்டியது. எருமையும் காலமறிந்து வைத்த தீயும் இருந்த நாளெல்லாம் புல் இருந்தது. சீகை வந்த இடத்தில் புல் போயிற்று. வெளியேற்ற வேண்டியது எது என்பதில் அரசாங்கத்துக்கு வந்த குழப்பம், 'மனிதரற்ற இயற்கை' என்ற கதையாடலிலிருந்து வந்த குழப்பம்தான். ஓர் ஊரின் மந்துக்காரனை ஆக்கிரமிப்பாளன் என்று வாசிக்கவும், கப்பலில் வந்த மரத்தைக் காடு என்று வாசிக்கவும் அது கற்றுக்கொடுத்தது.

இப்போது அந்நிய மரங்களை அகற்றச் சொல்லி உயர்நீதிமன்றம் உத்தரவு போட்டிருக்கிறது. நல்லது. நட்டபோதும் தினக்கூலி, வெட்டும்போதும் தினக்கூலி. நடவு வளர்ச்சியாக எழுதப்பட்டது, வெட்டு மீட்பாக எழுதப்படுகிறது. இரண்டு அறிக்கையிலும் குழி தோண்டியவன் பெயர் இருக்காது.

4

சரி, இதெல்லாம் காலனியப் பார்வை, நமக்கு நம் குறிஞ்சி இருக்கிறது என்று மார்தட்டும் கூட்டம் ஒன்று உண்டு. அவர்களிடம் குறிஞ்சி ஓர் அடையாளச் சின்னமாக இருக்கிறது, வாசிக்கப்பட்ட பிரதியாக இல்லை. பன்னிரண்டு ஆண்டுக்கொருமுறை பூக்கும் பூ, 2006-இல் பூத்தது, 2018-இல் பூத்தது, போய்ப் போட்டோ எடுத்தாயிற்று. அவ்வளவுதான்.

சங்கப் பாடல்களில் மலை உச்சியை வென்றேன் என்று யாரும் மார்தட்டுவதில்லை. குறிஞ்சி என்றால் தினைப்புனம், கிளி ஓட்டும் பெண், இரவில் வரும் காதலன், அவன் வரும் வழியின் பயம். மலையின் உயரத்தைவிட மலை தரும் வழிதான் அங்கே விஷயம். மலைபடுகடாம் முழுக்க ஒரு வழிகாட்டி. செங்கத்து நன்னனிடம் போகும் கூத்தருக்கு, எங்கே பாறை வழுக்கும், எங்கே பாம்பு கிடக்கும், எங்கே பன்றிக்குப் பொறி வைத்திருப்பார்கள், புனம் காப்பவர் விட்ட கவண்கல் எங்கிருந்து வரும் என்று சொல்லிக்கொண்டே போகிறது. மலையில் ஆள் இருக்கிறார்கள், வேலை நடக்கிறது, அவர்கள் சோறும் போடுவார்கள் என்பதுதான் அதன் செய்தி.

தொலைவு என்பது சங்கப் பாட்டில் வேறோர் இடத்தில் வருகிறது. பாரியின் பறம்பு. முந்நூறு ஊரும் இரவலர்க்குப் போய்விட்டன, மிஞ்சியது மலையும் நானும் பாரியும்தான் என்று முற்றுகையிட்ட மூவேந்தரைக் கபிலர் கிண்டல் செய்கிறார். அந்த மலையை அவர் அளப்பது அடிக்கணக்கில் இல்லை. உழாமலே விளையும் மூங்கில்நெல், பலா, வள்ளிக்கிழங்கு, தேன் என்று விளைச்சலைச் சொல்லி அளக்கிறார். பாரி செத்தபிறகு அவன் பெண்களைக் கூட்டிக்கொண்டு போகும் வழியில் திரும்பித் திரும்பிப் பார்க்கிறார். இங்கே நின்றாலும் தெரிகிறது, இன்னும் கொஞ்சம் போய் நின்றாலும் தெரிகிறது என்ற மாதிரி ஒரு பார்வை. அந்த மலை தொலைதூரச் சிகரம் ஆனது அவர்கள் துரத்தப்பட்ட பிறகு. தொலைவைப் பறிகொடுத்தவனின் அனுபவமாகச் சொல்லும் கவிதை இது. சாகசக்காரனின் தொலைவுக்கும் இதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை. முக்கூர்த்தியைத் தோடர் பார்ப்பது எந்தத் தொலைவிலிருந்து என்பதைக் கபிலர் வழியாகக் கேட்டால் பதில் கிடைக்கும். டவுன்ஸ் வழியாகக் கேட்டால் கிடைக்காது.

நவீன உரைநடையில் இந்த இழை அறுந்துவிடவில்லை. ராஜம் கிருஷ்ணனின் 'குறிஞ்சித்தேன்' 1963-லேயே நீலகிரிப் படகர் வாழ்வில் பணப்பயிர் நுழைந்து உறவுகளைப் புரட்டுவதை எழுதியது. அதில் குறிஞ்சிப் பூ ஒரு காலக்கணக்கு. ஒரு பூப்புக்கும் அடுத்த பூப்புக்கும் இடையில் நிலம் யார் கைக்குப் போயிற்று என்று கேட்கும் கணக்கு. பால் ஹாரிஸ் டேனியல் 1969-இல் ஆங்கிலத்தில் எழுதி, இரா. முருகவேள் 2007-இல் தமிழாக்கிய 'எரியும் பனிக்காடு' இன்னும் கொடூரம். ஆனைமலைத் தேயிலைத் தோட்டங்களுக்கு மேஸ்திரி பேச்சை நம்பி மலையேறிய நெல்லைச் சீமைச் சனங்கள், இறங்கமுடியாமல் குளிரிலும் காய்ச்சலிலும் செத்த கதை. சமவெளிக் கூலிக்குச் சிகரம் கிட்டத்திலேயே இருந்தது, கீழே இருக்கும் சொந்த ஊர்தான் எட்டாத தொலைவு. இந்த நாவலை வாசித்தபிறகு மலைக் காட்சியை 'மௌனம்' என்று எழுத ஒருவனுக்குக் கை கூசவேண்டும்.

நம் சினிமா வேறு. பைக்காரா அருகே ஓர் இடத்துக்கு ஊர்ச்சனமே சூட்டிங் மட்டம் என்று பெயர் வைத்துவிட்டது. காலியான புல்மேடு, ஓடிவரும் ஜோடி. அந்தக் காலியிடம் யாருடைய மேய்ச்சல் என்று கேமரா கேட்டதில்லை. டவுன்ஸ் என்று பெயர் வைத்தவனின் கண்ணை நாம் அப்படியே கடன் வாங்கி டூயட் எடுத்திருக்கிறோம். தன் இயல்பு கெட்ட குறிஞ்சி பாலையாகும் என்கிறது சிலப்பதிகாரம். கெடுவது நிலம் மட்டுமில்லை, நிலத்தைப் பார்க்கும் கண்ணும்தான்.

5

விருத்தாசலத்து மனிதனுக்கு முக்கூர்த்தியோடு நேரடியாக ஒரு சம்பந்தமும் இல்லை. ஆனால் மலையோடு சம்பந்தம் உண்டு. ஊருக்குள் ஓடும், பல மாதம் மணலாய்க் கிடக்கும், மணிமுத்தாறு கல்வராயன் மலையில் பிறப்பது. இந்தப் பக்கத்துக்குக் கிட்டத்து மலை அதுதான். அதை யாரும் சிகரம் என்று எழுதவில்லை. அங்கே மலையாளி என்ற பழங்குடிச் சனம் இருக்கிறது, ஆள் தெரிகிறது, ஆகவே கவிதைக்கு ஆகவில்லை. தொலைதூரச் சிகரம் வேண்டும் என்கிற இலக்கிய ருசி, பக்கத்து மலையைப் பார்க்காமலிருக்கச் செய்துகொண்ட ஏற்பாடோ என்றும் சந்தேகப்படலாம்.

இன்னொன்று, களிமண். விருத்தாசலம் செராமிக் ஊர். பீங்கான் தொழிற்பேட்டை, அதற்கென்றே ஒரு தொழில்நுட்பக் கல்லூரி, சூளை, பொம்மை, ஜாடி, மின்கம்பத்துப் பீங்கான். பீங்கானுக்கு வேண்டிய வெள்ளைக் களிமண் வேறொன்றுமில்லை. பாறையிலுள்ள பெல்ட்ஸ்பார் என்னும் கனிமம் மழையிலும் காலத்திலும் நைந்து நைந்து ஆனது. மலை கரைந்து இறங்கிவந்த உருவம் அது. நெய்வேலிச் சுரங்கத்தில் பழுப்பு நிலக்கரிக்கு மேல் கிடப்பதும் இந்த வகைக் களிமண்தான். முதுகுன்றம் எங்கே போயிற்று என்று தலபுராணத்தைக் கேட்டால் சாமி கதை சொல்லும். சூளையில் வேலை செய்யும் பெண்ணின் கையைப் பார்த்தால் அதில் மலை வெள்ளையாக ஒட்டிக்கொண்டிருக்கும். அந்தத் தூசிக்கு நுரையீரலைக் கெடுக்கும் குணமும் உண்டு. அரைபட்ட பாறையின் சிலிக்கா அது. மலையோடு நமக்குள்ள உறவில் பரவசம் மட்டுமே இருப்பதாக எழுதுகிறவர்கள் இந்த மூச்சிரைப்பையும் குறிஞ்சித் திணையில் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

மணிமுத்தாற்றில் போட்ட பொன்னைச் சுந்தரர் திருவாரூர்க் குளத்தில் எடுத்தார் என்பது இந்த ஊர்க் கதை. ஆற்றில் போட்டுக் குளத்தில் தேடுவது என்ற சொலவடையை இதோடு சேர்த்துச் சொல்வார்கள். அவருக்குக் கிடைத்துவிட்டது. நம் மலை எழுத்து தேடும் இடத்தில் கிடைக்காது. தண்ணீராய், கரண்டாய், தோலாய், தேயிலையாய், களிமண்ணாய் மலை சமவெளிக்கு வந்து சேர்ந்துகொண்டேயிருக்கிறது. அதை ஆற்றில் விட்டுவிட்டு, எங்கோ மேகத்துக்குள் 'தூய சிகரம்' ஒன்றைத் தேடிக்கொண்டிருக்கிறோம்.

விமர்சனத்துக்கும் இயக்கத்துக்கும் இதில் வேலை இருக்கிறது. மலை பற்றி ஒரு கதையோ கவிதையோ அறிக்கையோ கைக்கு வந்தால், வருணனை நன்றாயிருக்கிறதா என்பதோடு நிறுத்திக்கொள்ளாமல், இந்தப் பிரதியில் யார் ஏறுகிறார்கள், யார் சுமக்கிறார்கள், யார் இறக்கிவிடப்பட்டார்கள் என்று கேட்கலாம். மலையைக் காப்போம் என்று போஸ்டர் அடிக்கும் தோழர்கள், 2006 வனவுரிமைச் சட்டப்படி அந்த மலையின் மந்துகளுக்கும் ஊர்களுக்கும் மேய்ச்சல் உரிமை எந்த மட்டில் இருக்கிறது என்பதையும் அதே போஸ்டரில் கேட்கலாம். வரையாட்டின் எண்ணிக்கையும் தோடர் எருமையின் எண்ணிக்கையும் ஒரே பக்கத்தில் அச்சாகும் நாளில், சிகரம் பற்றிய தமிழ் எழுத்து கொஞ்சம் யோக்கியமாகியிருக்கும். அதுவரைக்கும் 'எட்டாத உயரம்' என்ற சொல்லை எங்கே பார்த்தாலும், எட்டவிடாமல் செய்தது யார் என்று பக்கத்திலேயே பென்சிலால் எழுதிவைப்போம்.